நாயகனின் நிம்மதிக்கு நாம் எழுதிய வசனம்

வசன அறைக்குப் புதிதாக வந்திருக்கும் தோழர்களே,

பணி அனுபவம் எழுதுகிறவர்கள் பொதுவாகச் சால்வையும் சர்க்கரை மாத்திரையுமாக ஊர் திரும்புகிறவர்கள். எனக்கு வயது இருபத்தெட்டு. ஆனாலும் நான் ஓய்வு பெற்றவள்தான். இந்த மாதக் கடைசியோடு மலாய்க் காதல் தொடர்களுக்குத் தமிழ் வசனம் எழுதுவதை நிறுத்துகிறேன். மேலே படிக்கப் போகிறேன். இனி யாராவது என்னிடம் மழையில் நனைந்த கம்பெனி முதலாளி ஒருவனைக் கொண்டுவந்து இவனுக்கு நாலு வரி எழுது என்றால், குடையைத்தான் கொடுப்பேன்.

நம் வேலை உங்களுக்குத் தெரியும். மலேசியாவில் மலிவாக விற்கும் தொடர்களை நம் ஆப் வாங்குகிறது. ஷார்ஜாவில் இந்த ஸ்டுடியோவில் நாம் தமிழாக்கிக் குரல் கொடுக்கிறோம். டூட்டி முடிந்து தொழிலாளர் கேம்ப்புக்குத் திரும்புகிறவர்கள் பஸ்ஸிலேயே பார்க்கிறார்கள். குடும்பத்தோடு இருப்பவர்கள் பிள்ளைகள் தூங்கியதும் பார்க்கிறார்கள். உதட்டுக்கு வரி பொருத்துவதையெல்லாம் ஒரே வாரத்தில் கற்றுவிடுவீர்கள். எதை எழுதுவது, எதை எழுத மறுப்பது என்பதற்குத்தான் இங்கே பயிற்சி கிடையாது.

நாம் வாங்கும் கதைகளில் ஊர் பழிக்கும் பெண்களுக்கு என்ன நடக்கும் என்று முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஆச்சரியப்பட்டு நேரத்தை வீணாக்காதீர்கள். கல்யாணத்துக்கு முன் கருவுற்றவள் வந்தால் அவளுக்குச் சாவு நிச்சயம். நோயா விபத்தா என்பதைப் பட்ஜெட் தீர்மானிக்கும். இரவு விடுதியில் பாடியவள், தலையில் முக்காடு ஏறும்வரை நல்லவள் இல்லை. ஏறிய பிறகு அவளுக்கு வசனமே இல்லை. இரண்டாவது மனைவி என்றால் ஒன்று சூனியக்காரி, இல்லாவிட்டால் முதல் மனைவிக்குச் சிறுநீரகம் கொடுத்துவிட்டு மன்னிப்பும் கேட்பவள். தாலி அறுத்தவள், மணமுறிந்தவள் எல்லோரையும் மலாய்ப் பேச்சில் ‘ஜண்டா’ என்றுவிடுகிறார்கள். அந்த ஜண்டாவுக்கு நடப்பதுதான் எல்லாவற்றையும்விட விசேஷம். அதைச் சொல்லத்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

நம் ஊர்க் கதைகள் மட்டும் என்ன வாழ்ந்தது என்கிறீர்களா? பொறுங்கள், அங்கேயும் வருகிறேன்.

மலாயிலிருந்து நேரடியாகத் தமிழுக்குக் கொண்டுவந்து தருபவள் நம் கிள்ளான்காரி. மலேசியத் தமிழச்சி. கணவரின் எண்ணெய்க் கம்பெனி வேலைக்காக இங்கே வந்தவள். என்னைவிட ஒரு வயது சின்னவள், என்னைவிட இரண்டு மடங்கு வாய். நான் ஏளனம் செய்ய ஆரம்பித்தால், மலேசிய வழக்கப்படி வரிக்கு வரி ‘லா’ போட்டு உடனே பாய்வாள்.

“ஏய், எங்க ஊர்ல ஒழுங்கா எழுதுறவங்களும் இருக்காங்க லா. அதையெல்லாம் உங்க புரோகிராம் ஹெட் வாங்கமாட்டாரு. குப்பையா பாத்துப் பொறுக்கிட்டு, எங்க ஊரையே குப்பைங்கிறியா?”

நியாயமான கேள்வி. எனவே என் ஏளனத்தில் பாதி எழுதியவர்களுக்கு. மீதிப் பாதி தேடித்தேடி அதையே வாங்குகிறவர்களுக்கு.

போன வருடம் வந்த தொடரின் நாயகி சுரையா. மணமுறிவானவள். தெருமுனையில் தேங்காய்ப்பால் சோறு விற்பாள். ஆண்கள் வாங்க வருவார்கள், அவர்களின் மனைவிகள் காவலுக்கு வருவார்கள். முதல் எபிசோடிலேயே ஒருத்தி, “கடையைத்தான் திறந்து வெச்சிருக்கியா?” என்று கேட்பாள். மூலத்தில் சுரையா கண்ணீர் விட்டுத் தலைகுனிந்து ஏதோ முணுமுணுப்பாள். முகம் குனிந்திருந்ததால் எனக்கு வசதி. “சோறு மட்டும்தான் விக்கிறேன் அக்கா. உங்க வீட்டுக்காரருக்கு வேற பசி இருந்தா நீங்கதான் சமைக்கணும்” என்று எழுதினேன். அந்த வரி கேம்ப் கேம்ப்பாகப் போனது. ரிங்டோனாக வைத்துக்கொண்டார்கள்.

வரி போனதற்குக் காரணம் நான் இல்லை, குரல். சுரையாவுக்குக் குரல் கொடுத்தவள் பேச்சியம்மாள். திருநெல்வேலிக்காரி. அஜ்மானில் ஒரு பல் கிளினிக்கில் வரவேற்பாளர். கூட வேலை செய்யும் பிலிப்பைன்ஸ் பெண்கள் அவளை ‘பெகி’ என்பார்கள். சனிக்கிழமைகளில் பஸ் பிடித்து ஸ்டுடியோவுக்கு வருவாள். மைக் முன்னால் நின்றதும் தன் ஊர்ப் பேச்சைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு வேறொருத்தியாவாள்.

பேச்சிக்கும் மணமுறிவு ஆகியிருந்தது. பஹ்ரைனில் ஏசி மெயின்டனன்ஸ் சூப்பர்வைசராக இருக்கும் முருகேசன் என்பவரோடு கல்யாணம் பேசிக்கொண்டிருந்தார்கள். அங்கே குதைபியா பகுதியில் அவர் அறையில் எல்லோரும் இந்தத் தொடரைப் பார்த்தார்கள். சுரையா திரையில் வந்தாலே, வருங்கால அண்ணி என்ற உரிமையில் “மைனி வந்தாச்சுல, சத்தத்தைக் கூட்டு” என்பார்களாம். இதைச் சொல்லும்போது பேச்சியின் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும் நீங்கள்.

இப்போது நம் தொழிலின் மகத்தான மடத்தனம் ஒன்று. தொடர்கள் கொத்துக் கொத்தாக வரும். முடிவு எப்படி என்று யாரும் முன்கூட்டிப் பார்ப்பதில்லை. ஏன் என்று ஹெட்டிடம் கேட்டேன். ஹெட் என்றால் இங்கே நிகழ்ச்சிகளுக்குப் பொறுப்பானவர், சென்னைக்காரர், நல்ல மனிதர், அதுதான் சிக்கல். “முடிவு தெரிஞ்சா ஆர்ட்டிஸ்ட் வாய்ஸ்ல சஸ்பென்ஸ் போயிடும்மா” என்றார். இதை எந்த ஊரில் கற்றுக்கொண்டாரோ. இப்படித்தான் பாதித் தொடர்வரை சுரையாவை நிமிர்ந்து நிற்கும் பெண்ணாக எழுதினோம். பேச்சி நிமிர்ந்து பேசினாள். ஜனங்கள் நிமிர்ந்து பார்த்தார்கள். பிறகு அடுத்த கொத்து வந்தது.

மொட்டை மாடி. மழை. முதலாளி நாயகன் அவளை மணக்க ஆசைப்படுகிறான், ஆனால் மனதில் ஒரு முள். சுரையா ரகசியத்தைச் சொல்கிறாள். முன்னாள் கணவன் அவளைத் தொட்டதே இல்லையாம். முதலிரவிலேயே பழைய காதலியைத் தேடிப் போய்விட்டானாம். வருடக்கணக்கில் ஒரே வீடு, ஒரே சமையல், ஒருநாளும் விரல்கூடப் படவில்லையாம். “நான் இன்னும் உங்களுக்காகவே தூய்மையாக இருக்கிறேன்.”

கிள்ளான்காரி சிரித்தாள். “நான் சொன்னேன்ல? இதுக்குன்னே அங்க ஒரு ரசிகர் கூட்டம் இருக்கு. ஜண்டா வேணும் லா, அப்பதான் அழ முடியும். ஆனா பிரிக்காத பார்சலா வேணும்.”

அடிபட்டவளைக் கல்யாணம் செய்த புண்ணியமும் நாயகனுக்கு வேண்டும், அடிபடாதவளைக் கல்யாணம் செய்த சுகமும் அவனுக்கே வேண்டும். அத்தனை எபிசோடுகளாக அந்தப் பெண் வாங்கிய ஏச்செல்லாம் எதற்கு? கடைசியில் அவள் அந்த ஏச்சுக்குரியவளே இல்லை என்று நிரூபிப்பதற்கு. அப்படியானால் அதற்குரியவள் வேறு யாரோ ஒருத்தி இருக்கிறாள் என்றுதானே பொருள்? அவளைப் பற்றி ஒரு வரி கிடையாது.

அந்தச் சனிக்கிழமை பேச்சி காகிதத்தைப் படித்தாள். ஹெட்போனைக் கழற்றினாள்.

“இத நான் சொல்லமாட்டேன்.”

ஹெட் கண்ணாடிக்கு இந்தப் பக்கமிருந்து பொத்தானை அழுத்தினார். “என்னம்மா, தொண்டையா?”

“தொண்டை நல்லாத்தான் இருக்கு சார்.”

“இது சுரையா சொல்றதும்மா. நீ சொல்றதில்ல.”

“இத்தன நாளா சுரையா என் தொண்டையிலதான இருக்கா? அப்பல்லாம் நல்லாருக்கு நல்லாருக்குன்னீங்க.”

ஹெட் கடிகாரத்தைப் பார்த்தார். மாலைக்குள் எபிசோட் போயாக வேண்டும். “அபுதாபிப் பொண்ணு ஒண்ணு ரெடியா இருக்கா. கிட்டத்தட்ட இதே வாய்ஸ். மீதி எல்லாத்தையும் அவகிட்ட குடுத்துடுவேன், சொல்லிட்டேன்.”

நான் பேச்சியைப் பேன்ட்ரிக்கு இழுத்துப் போனேன். டீ போட்டுக் கொடுத்தேன். அவள் குடிக்கவில்லை.

“ஏளா, எங்கண்ணன் மாப்பிள்ள வீட்டுல என்ன சொல்லியிருக்கான் தெரியுமா? தங்கச்சிக்குப் பேருக்குத்தான் கல்யாணம் ஆச்சு, மூணாம் நாளே அவ எங்க வீட்டுக்கு வந்துட்டான்னு சொல்லியிருக்கான்.”

இங்கேதான் நம் ஊர் வருகிறது. மலாய்க் கதாசிரியரை நாம் என்ன சிரிப்பது? நம் கல்யாணத் தரகர்கள் இந்தக் கதையை எந்தக் காமிராவும் இல்லாமல் தினமும் எடுத்துக்கொண்டிருக்கிறார்கள். ‘பெயரளவில் மணமாகி விவாகரத்தானவர்’ என்று விளம்பரத்தில் போடுகிறார்கள். படித்தவர்கள் போடுகிறார்கள், படித்தவர்கள் படிக்கிறார்கள். இரண்டாம் கல்யாணத்துக்கு நிற்கும் ஆணுக்கு அந்த அடைமொழியை யாரும் தேடி எழுதியதாக நான் பார்த்ததில்லை.

“நெசத்துல?” என்று கேட்டேன்.

“மூணு வருசம் அவன்கூட இருந்தேன். கெட்டவன்லாம் இல்ல பாத்துக்கோ, ஒத்துக்கல, அவ்வளவுதான். ஒரு பிள்ள உண்டாகி நாலாம் மாசம் தங்காமப் போச்சு.” டீ கோப்பையைத் தள்ளி வைத்தாள். “பேருக்குத்தான் கல்யாணம்னா, அந்தப் பிள்ளையும் பேருக்கா?”

கோப்பையை நானே எடுத்துக் கழுவிவைத்தேன்.

“அவர்ட்ட சொல்லிடேன்டி.”

“சொல்லணும்னுதான் போன எடுக்கேன். சாப்பிட்டியாங்காரு. சாப்பிட்டேங்கேன். வச்சிருதேன். இன்னைக்கு இல்லன்னா நாளைக்குன்னு இருந்தேன். இப்ப இது என் கொரல்ல வெளிய போச்சுன்னா? அவரு கேப்பாரு, அவரு ரூமே கேக்கும், ஊர்ல அவரு அம்மையும் கேக்கும். இந்தப் பொய்ய என் வாயாலயே கேட்டபொறவு, உண்மைய எந்த வாயால சொல்லுவேன்?”

அந்த வரியைச் சொல்லாவிட்டால் சுரையா போய்விடுவாள். சொன்னால் உண்மை சொல்லும் வழி அடைபட்டுவிடும். இதுதான் அவள் நின்ற இடம்.

நெருக்கடியில் எல்லோரும் ஆளுக்கு ஆள் முகத்தைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். ஹெட் கடிகாரத்தைப் பார்ப்பார். நீங்கள் திரையைப் பாருங்கள். நான் உள்ளே போய்ச் சத்தத்தை அணைத்துவிட்டு அந்தக் காட்சியை ஓடவிட்டேன். இன்னொரு முறை ஓடவிட்டேன். மூன்றாவது முறை சிரிப்பே வந்துவிட்டது.

அந்தப் பெண் தன் வாழ்க்கையிலேயே பெரிய விஷயத்தைச் சொல்கிறாள், காமிரா அவள் பக்கம் திரும்பவே இல்லை! முழுக் காட்சியிலும் அவளுடைய முதுகும் நனைந்த முக்காடும்தான். முகம் முழுக்க நாயகனுடையது. இயக்குநருக்கு ஒரே ஒரு அக்கறை, இந்தச் செய்தி அவனுக்கு எப்படி இருக்கிறது என்பது. தயக்கம், திகைப்பு, பிறகு ஒரு பெரிய நிம்மதி. கண் கலங்கிச் சிரிக்கிறான். கைகளை விரிக்கிறான்.

நம் தொழிலின் முதல் விதி என்ன? வாய் தெரியாத இடம் நம் இடம்.

“சார், ஒரே ஒரு டேக் குடுங்க. சரியா வரலன்னா அபுதாபிப் பொண்ணுக்குப் போன் பண்ணுங்க.”

“என்ன லைன்?”

“தெரியாது சார்.”

அவர் நெற்றியைப் பிடித்துக்கொண்டார். நான் பேச்சியிடம், “அவ முதுகு திரும்புறதுலேர்ந்து அவன் கைய விரிக்கிற வரைக்கும் நேரம் உனக்கு. முருகேசன்ட்ட என்ன சொல்லணுமோ அதச் சொல்லு” என்றேன்.

சிவப்பு விளக்கு எரிந்தது. காகிதம் இல்லாமல் பேசினாள். பாதியில் அவள் ஊர்ப் பேச்சு உள்ளே வந்துவிட்டது. யாரும் தடுக்கவில்லை.

“எனக்குக் கல்யாணம் ஆச்சு. பேருக்கு இல்ல, நெசமாவே ஆச்சு. அவரோட வாழ்ந்தேன். சிரிச்சேன், சண்ட போட்டேன், ஒரு பிள்ளைய எழந்தேன். அது முடிஞ்சுபோச்சு. இதுல நீங்க மன்னிக்கதுக்கு ஒண்ணும் இல்ல, பெருந்தன்மையா பொறுத்துக்கிடுததுக்கும் ஒண்ணும் இல்ல. தெரிஞ்சுகிட்டு வாரதுன்னா வாங்க. இல்லன்னா, மழ விட்டதும் கெளம்புங்க.”

நாயகன் திகைத்தான். கண் கலங்கினான். சிரித்தான். கைகளை விரித்தான்.

அந்த நடிகர் நடித்தது ‘அப்பாடா, சீல் உடையவில்லை’ என்கிற நிம்மதியை. அடியில் பேச்சியின் குரல் போனதும் அதே முகம் ஒரு மனிதனின் முகமாகிவிட்டது. ஒரு தசைகூட மாறவில்லை. அவன் செய்யாத காரியத்துக்கு நாங்கள் அவனுக்குக் கொடுத்த தானம் அது.

கண்ணாடிக்கு இந்தப் பக்கம் ஹெட் பதிவை நிறுத்தினார்.

“தொடர வித்த மலேசியாக் கம்பெனி கேட்டா?” என்றார்.

“அந்தக் கம்பெனியில யாருக்கும் தமிழ் தெரியாது. தமிழ் தெரிஞ்ச உங்களுக்கு ஏன் சார் கண்ணு செவந்திருக்கு?”

“ஏசி.”

“ஏசி ஓடல சார், ரெக்கார்டிங்ல அணைச்சு வெச்சிருக்கோம்.”

“யல்லா, யல்லா, அடுத்த சீன்” என்றார்.

அடுத்த சீனில் சிக்கல் இருந்தது. நாயகன் தன் தாயிடம் ஓடி, அவள் இன்னும் தூய்மையானவள் என்று நற்செய்தி சொல்கிறான். தாய் உடனே மனம் மாறிச் சுரையாவைக் கட்டிக்கொள்கிறாள். இங்கே அவன் வாய் திரை முழுக்கத் தெரிந்தது. தொடக்கத்தில் ஒருமுறையும் கடைசிப் பக்கம் ஒருமுறையும் உதடு மூடித் திறந்தது. நான் மண்டையை உடைத்துக்கொண்டிருக்க, கிள்ளான்காரி பிஸ்கட் தின்றபடியே சொன்னாள்: “‘அம்மா, எனக்கு அவதான் வேணும்.’ பொருந்துதா பாரு லா.” பொருந்தியது. ஒரு தாய்க்கு இதற்கு மேல் என்ன காரணம் வேண்டும் என்று எனக்குத் தோன்றியது. ஆனால் அந்த ஊரிலும் நம் ஊரிலும் அது காரணமே இல்லை என்றுதானே இத்தனை எபிசோடுகள் எடுக்கிறார்கள்.

எபிசோட் வெளியானது. மலேசியாக் கம்பெனி மூச்சு விடவில்லை. ஆப்பில் கீழே கருத்துகள் கொட்டின. எல்லாம் யாருக்கு என்கிறீர்கள்? நாயகனுக்கு! ‘இப்படி ஒரு ஆம்பள கெடைக்கணும்’, ‘மனசுல நிக்கிறான்யா’, ‘என்னா ஒரு பெரிய மனசு.’ பெரிய மனதுக்கு இங்கே வேலையே இல்லை என்று அவள் தன் வாயால் சொன்னதற்குக் கீழேயே அவனுடைய பெரிய மனதுக்குப் பாராட்டு. ஒரு பெண் தன் வாழ்க்கையைச் சொன்னால்கூட அதைக் கேட்டுக்கொண்டு நின்றவனுக்குத்தான் மாலை போடுவோம் நாம். இதில் மலாய்க்காரர்களைக் குறை சொல்ல ஒன்றுமில்லை.

அடுத்த சனிக்கிழமை பேச்சி சீக்கிரமே வந்துவிட்டாள். கையில் இரண்டு டீ. ஒன்றை என்னிடம் கொடுத்தாள்.

“வீடியோ கால்ல வந்தாரு. கேட்டாரு.”

“என்னன்னு?”

“அது கதையில வாரதா, உன் பேச்சான்னு. என் பேச்சுதான்னேன். அந்தப் பிள்ளையுமான்னாரு. ஆமான்னேன்.”

“மூஞ்சி எப்டி இருந்துச்சு?”

“நல்லாத்தாம்ளா இருந்துச்சு.” ஒரு வாய் குடித்தாள். “கொஞ்ச நேரம் தரையப் பாத்தாரு. பொறவு, எனக்கு ஒண்ணும் இல்ல பேச்சி, நான் பெருசா எடுத்துக்கலன்னாரு. எனக்கு அப்பிடியே அழுகையா வந்துட்டு, சந்தோசத்துல. அதோட நிப்பாட்டியிருக்கலாம் மனுசன்.”

“அப்புறம்?”

“அம்மா அதக் கதைன்னே நெனச்சிட்டாவ, அவியட்ட மட்டும் அந்தப் பேருக்குத்தான் கல்யாணம்ங்கதே இருக்கட்டும், அவியளுக்கு வயசாயிட்டு, தாங்கமாட்டாவ, கடைசி வரைக்கும் அப்பிடியே இருந்துட்டுப் போவட்டுமேன்னாரு.”

“நீ?”

“மழ விட்டுட்டு, கெளம்புங்கன்னேன்.” சிரித்தாள். “பஹ்ரைன்ல ஏது மழ? ஆனா வெளங்கிருச்சு அவருக்கு.”

கல்யாணத்துக்குக் கேட்டு வைத்திருந்த லீவை அந்த வாரமே கிளினிக்கில் ரத்து செய்திருந்தாள்.

முருகேசனை நீங்கள் கெட்டவர் என்று எழுதிவிடாதீர்கள். எழுதினால் சுலபமாகத் தப்பித்துக்கொள்வீர்கள். கெட்டவர் இல்லை என்பதுதான் என்னை எரிச்சலூட்டுகிறது. உண்மையைத் தானே தாங்கிக்கொண்டுவிட்ட பெருமையில் இருந்தார். அதை அவள் ஆயுள் முழுக்க மென்று விழுங்க வேண்டும் என்பது அவருக்குச் சின்னச் சலுகையாகத் தெரிந்தது. அந்த நாயகனுக்கு நாங்கள் இருந்தோம், நல்லவனாக்கினோம். முருகேசனுக்கு வசனம் எழுத ஆள் இல்லை. அவர் வாய் தெரிந்தது.

அன்றைக்குப் பதிவு செய்ய வேண்டியது சுரையாவின் கல்யாணம். மலாய்க் கல்யாணத்தில் மாப்பிள்ளைதான் ஒரே மூச்சில் சம்மதம் சொல்ல வேண்டும். மணப்பெண் பக்கத்தில் உட்கார்ந்து தலை குனிந்திருப்பாள். அவளுக்கு அங்கே வசனம் கிடையாது. ஆனால் குரல் கலைஞர் வந்தாக வேண்டும், ஒரு விம்மலுக்காக.

“சின்னதா ஒரு அழுகை போதும் பேச்சி. ஆனந்தக் கண்ணீர்” என்றார் ஹெட். அவருக்கு முருகேசன் கதை தெரியாது.

பேச்சி ஹெட்போனை மாட்டிக்கொண்டு திரையைப் பார்த்தாள். மாப்பிள்ளை சொல்லி முடித்தான். சுற்றியிருந்தவர்கள் கைகளை உயர்த்தினார்கள். சுரையா இன்னும் குனிந்தாள், முக்காடு முன்னால் விழுந்து உதடுகளை மறைத்தது.

பேச்சி சிரித்தாள். சின்னச் சிரிப்பு. சோற்றுக் கடையில் காவலுக்கு வந்த மனைவிகளைப் பார்த்துச் சுரையா சிரித்திருக்க வேண்டிய சிரிப்பு.

ஹெட் பொத்தானை அழுத்தினார். “அழுகைன்னேனே?”

“வாய் தெரியலியே சார்.”

ஹெட் என்னைப் பார்த்தார். நான் திரையைப் பார்த்தேன். மணப்பெண்ணின் தோள்கள் குலுங்கிக்கொண்டிருந்தன. தோளை மட்டும் பார்த்து அது அழுகையா சிரிப்பா என்று யாராலும் சொல்ல முடியாது.

“ஓகே” என்றார். “வெச்சுக்கலாம்.”